காணாமல் போன கொள்ளைக்காரன்

ஒரு கிராமத்து வீடு. உள்ளே ஒருவன் படுத்துக் கிடக்கிறான். ஒரு காலத்தில் அவன் பெயரைக் கேட்டாலே அதிகாரிகள் நடுங்கினார்கள். இப்போது அவனால் எழுந்து உட்காரக்கூட முடியவில்லை. பாரிசவாயு வந்து உடம்பு விழுந்துவிட்டது.

வெளியே காவலர்கள் வீட்டை வளைத்துக்கொண்டார்கள். உள்ளே இருப்பவர்கள் சில பேர்தான். அவர்களில் ஒருத்தி பெண். அவள் கையில் ஒரு துப்பாக்கி. படுத்துக் கிடப்பவனைக் காப்பாற்ற அவள் சுடுகிறாள். கூட்டாளிகள் ஒவ்வொருவராக விழுகிறார்கள்.

கத்தி எடுத்து எதிரிகளைப் பந்தாட வேண்டிய கதாநாயகன், படுத்த இடத்தில் இருந்தபடி எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டு இருக்கிறான்!

1927-ம் ஆண்டு ஜப்பானில் வெளிவந்த ஒரு படத்தின் கடைசிக் கட்டம் இது. படத்தின் பெயர் "சூஜியின் பயண நாட்குறிப்பு". ஊமைப்படம். மூன்று பாகங்கள். ஜப்பான் மக்கள் இந்தப் படத்தைத் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடினார்கள். பிறகு ஒரு நாள் அது காணாமல் போய்விட்டது.

அந்தப் படம் தொலைந்ததும் ஒரு கதை. கிடைத்ததும் ஒரு கதை. அதற்கு முன், யார் இந்த சூஜி என்று தெரிய வேண்டும்.

பட்டும் சூதாட்டமும்

சூஜி கற்பனை ஆள் அல்ல. உண்மையாகவே வாழ்ந்தவன். 1810-ம் ஆண்டில் குனிசதா என்ற கிராமத்தில் பிறந்தான். அந்த ஊர் இப்போது குன்மா மாகாணத்தில், டோக்கியோ நகருக்கு வடமேற்கே இருக்கிறது. ஊர்ப் பெயரையும் சேர்த்து அவனைக் "குனிசதா சூஜி" என்பார்கள். ஓரளவு வசதியான விவசாயக் குடும்பம். சிறு வயதிலேயே தகப்பனார் இறந்துவிட்டார். பையன் வயலுக்குப் போகவில்லை. சூதாட்டத்துக்குப் போனான்.

அந்த வட்டாரத்தில் அப்போது சூதாட்டத்துக்குக் குறைவே இல்லை. அதற்குக் காரணம் பட்டு. வீட்டுக்கு வீடு பட்டுப்பூச்சி வளர்த்தார்கள். பெண்கள் நூல் எடுத்தார்கள். நெல் மட்டும் விளைகிற ஊரில் அறுவடைக்குத்தான் பணம் வரும். பட்டு ஊரில் கையில் எப்போதும் சில்லறை புழங்கும். சில்லறை புழங்கும் இடத்தில் பகடை உருளும்.

இன்னொரு காரணமும் உண்டு. அந்தப் பகுதி முழுவதும் ஒரே அதிகாரியின் கையில் இல்லை. இந்தக் கிராமம் ஒரு பிரபுவுக்கு, அடுத்த கிராமம் இன்னொருவருக்கு, அதற்கு அடுத்தது அரசாங்கத்துக்கு என்று துண்டு துண்டாகக் கிடந்தது. இங்கே குற்றம் செய்தவன் வாய்க்காலைத் தாண்டினால் வேறு எல்லை! துரத்தி வந்தவர் வரப்பிலேயே நின்றுவிட வேண்டியதுதான். இதைச் சமாளிக்க 1805-ம் ஆண்டில் அரசாங்கம் புதிதாகச் சில அதிகாரிகளை நியமித்தது. எட்டு மாகாணங்களில் எந்த எல்லையையும் தாண்டிப் போய்ப் பிடிக்க அவர்களுக்கு அதிகாரம். ஆனால் அவர்கள் விரல் விட்டு எண்ணக்கூடிய சில பேர்தான். உள்ளூர் வழி தெரியாது. ஆகவே உள்ளூரிலேயே ஆள் பிடித்து உளவு வேலைக்கு வைத்துக்கொண்டார்கள். அந்த ஆட்களில் பலர் சூதாடிகளே!

இப்படிப்பட்ட இடத்தில்தான் சூஜி தலைவன் ஆனான். 1834-ம் ஆண்டில் இசாபுரோ என்ற எதிர்க்கூட்டத் தலைவனைத் தீர்த்துக் கட்டினான். அதிலிருந்து தலைமறைவு வாழ்க்கை. அக்காகி என்ற மலை அவனுக்கு மறைவிடம் ஆயிற்று.

1836-ம் ஆண்டில் அவன் செய்த காரியம்தான் அரசாங்கத்தை உலுக்கியது. அவன் கூட்டத்து ஆள் ஒருவனைப் பக்கத்து மாகாணத்தில் கொன்றுவிட்டார்கள். பழிவாங்கப் புறப்பட்டான் சூஜி. வழியில் ஓடோ என்ற இடத்தில் அரசாங்கத்தின் காவல் சாவடி. அனுமதிச் சீட்டு இல்லாமல் யாரும் தாண்ட முடியாது. சூஜியும் அவன் ஆட்களும் ஆயுதங்களோடு அதை உடைத்துக்கொண்டு போனார்கள். அந்தக் காலத்து ஜப்பானில் காவல் சாவடியை மீறுவது சாதாரணக் குற்றம் அல்ல. அதற்குத் தண்டனை மரணம்.

பஞ்சத்தில் ஒரு பெயர்

அதே சமயத்தில் நாட்டில் பெரும் பஞ்சம். 1833-ம் ஆண்டில் தொடங்கி 1837 வரை விளைச்சல் இல்லை. கோடையில் குளிர் அடித்தது. மழை நிற்கவில்லை. ஜனங்கள் பட்டினியால் செத்தார்கள்.

அந்த நாட்களில் சூஜி சூதாட்டப் பணத்தை எடுத்து ஏழைகளுக்குக் கொடுத்தான், தூர்ந்து போன குளத்தை ஆழப்படுத்தினான் என்று பேச்சு உண்டு. கொள்ளைக்காரர்களைப் பற்றி எல்லா நாட்டிலும் இப்படிச் சொல்வது வழக்கம்தானே என்று நினைக்கத் தோன்றும். ஆனால் சூஜி விஷயத்தில் அரசாங்கத்தின் அதிகாரி ஒருவரே சாட்சி. அவர் பெயர் ஹகுரா. சூஜியை அடக்க வேண்டிய பக்கத்தில் இருந்தவர். படித்த மனிதர். அவர் சூஜியைப் பற்றி "அக்காகி ஏடு" என்று ஒரு சிறு நூலே எழுதி வைத்தார். பட்டினி கிடந்தவர்களுக்கு அவன் உதவியதை அதில் மறைக்காமல் சொன்னார். அதிகாரி செய்ய வேண்டிய வேலையைச் சூதாடி செய்தது அவருக்கு வெட்கமாக இருந்திருக்கிறது.

இந்தப் பெயர்தான் சூஜியைப் பதினாறு ஆண்டு காப்பாற்றியது. கிராமத்து மக்கள் காட்டிக் கொடுக்கவில்லை. காட்டிக் கொடுத்தால் என்ன ஆகும் என்ற பயமும் கூட இருந்திருக்கும். இரண்டையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும்.

1850-ம் ஆண்டில் அவனைப் பாரிசவாயு வீழ்த்தியது. ஒரு கிராமத் தலைவர் வீட்டில் மறைத்து வைத்தார்கள். அங்கே பிடிபட்டான். எடோவுக்குக் கொண்டுபோய் விசாரித்தார்கள். எடோ என்பது டோக்கியோவின் பழைய பெயர். கொலைகள் பல இருந்தும், காவல் சாவடியை உடைத்த குற்றம்தான் அவன் தலையில் விழுந்தது. எந்த ஓடோ சாவடியை உடைத்தானோ அதே இடத்துக்குக் கொண்டு வந்தார்கள். மரத்தில் கட்டி ஈட்டியால் குத்திக் கொன்றார்கள். அப்போது அவனுக்கு வயது நாற்பதுதான் ஆகியிருந்தது.

மரத்தில் செத்தவன் மேடையில் எழுந்தான்

செத்த பிறகுதான் சூஜி பெரிய ஆள் ஆனான்.

நரம்பு வாத்தியத்தை மீட்டிக் கதை பாடுகிறவர்கள் அவனைப் பாடினார்கள். நாடகக்காரர்கள் மேடையில் ஏற்றினார்கள். 1919-ம் ஆண்டில் "புதிய தேசிய நாடகம்" என்ற கம்பெனி "குனிசதா சூஜி" நாடகத்தை நடத்தியது. கத்திச் சண்டை நிஜம் போலவே இருந்ததாம்! அக்காகி மலையில் சூஜி தன் ஆட்களிடம் விடைபெறும் கட்டம் வந்தால் கொட்டகையே அதிரும். ஜப்பானில் சின்னப் பிள்ளைகளுக்குக் கூட அந்தக் கட்டம் மனப்பாடம்.

மேடைச் சூஜி தோற்காதவன். கம்பீரமானவன். கத்தியை நிலாவுக்கு நேரே பிடித்து நிற்பான். சினிமாவிலும் முதலில் வந்தவன் இந்தச் சூஜிதான்.

1927-ம் ஆண்டில் ஒரு இளைஞர் இதை மாற்றினார்.

"நகர்த்துவதில் பிரியர்"

அவர் பெயர் டைசுகே இட்டோ. அப்போது வயது 29-க்குள்தான். ஷிக்கோகு தீவில் பிறந்தவர். முதலில் சினிமாவுக்குக் கதை எழுதினார். 1924-ம் ஆண்டில் டைரக்டர் ஆனார். பிறகு கியோட்டோ நகரில் "நிக்காட்சு" கம்பெனியில் சேர்ந்தார்.

அந்தக் காலத்தில் காமிராவை ஓர் இடத்தில் நட்டு வைப்பார்கள். நடிகர்கள் அதன் முன்னால் வந்து நடித்துவிட்டுப் போவார்கள். இட்டோவுக்கு அது பிடிக்கவில்லை. ஆள் ஓடினால் காமிராவும் ஓட வேண்டும் என்றார். சண்டைக்கு நடுவே காமிராவை இழுத்துக்கொண்டு போனார். அவர் பெயரை வைத்தே கேலி செய்தார்கள். "இட்டோ டைசுகே" என்பதைச் சற்று மாற்றி "இடோ டைசுகி" என்றார்கள். ஜப்பானிய மொழியில் அதற்கு "நகர்த்துவதில் ரொம்பப் பிரியம்" என்று அர்த்தம்!

அவருக்குக் கிடைத்த நடிகர் டெஞ்சிரோ ஒகோச்சி. இருவரும் ஒரே வயது. 1898-ம் ஆண்டில் பிறந்தவர்கள். ஒகோச்சி நாடகத்திலிருந்து வந்தவர். பார்ப்பதற்கு அப்படி ஒன்றும் மன்மதன் அல்ல. கண் பார்வையோ மிகவும் மோசம். கிட்டத்தில் உள்ளதுதான் தெரியும். அப்படிப்பட்டவர் கத்தியைச் சுழற்றிக்கொண்டு பாய்ந்தால் எதிரே நிற்பவர் பாடு என்ன ஆகும்? அவரோடு சண்டை போடத் துணை நடிகர்கள் பயப்படுவார்கள் என்று சொல்வது உண்டு. ஆனால் அந்த வெறியைத்தான் ரசிகர்கள் விரும்பினார்கள். 1926-ம் ஆண்டில் இட்டோவும் ஒகோச்சியும் சேர்ந்தார்கள். அடுத்த ஆண்டே சூஜியைக் கையில் எடுத்தார்கள்.

தோற்கும் கதாநாயகன்

படத்தின் முதல் பாகம் 1927 மார்ச் மாதம் வெளிவந்தது. இரண்டாவது பாகம் ஆகஸ்டில். மூன்றாவது பாகம் டிசம்பரில்.

இட்டோவின் சூஜி அக்காகி மலையில் கம்பீரமாக நிற்பவன் அல்ல. மலையை விட்டு ஓடி வந்தவன். ஊர் ஊராக அலைகிறான். எங்கே போனாலும் ஆள் தேடுகிறார்கள்.

அவன் முதுகில் ஒரு குழந்தை. பெயர் கந்தாரோ. சூஜியின் ஆள் அசதாரோ, தலைவன் கட்டளைப்படி தன் மாமனையே கொன்றான். அநாதையான அந்தக் குழந்தையைச் சூஜி எடுத்து வளர்க்கிறான். பையனுக்குச் சோறு போட வேண்டும். தூங்க வைக்க வேண்டும். காவலர்கள் வந்தால் அவனையும் தூக்கிக்கொண்டு ஓட வேண்டும். இப்படி எத்தனை நாள் முடியும்? இரண்டாவது பாகத்தில், வயதான ஒரு தலைவரிடம் குழந்தையை ஒப்படைத்துவிட்டுச் சூஜி பிரிகிறான். வாதம் அப்போதே உடம்பில் தலைகாட்டத் தொடங்கிவிட்டது. கத்தி பிடிக்கும் கை சொன்னபடி கேட்கவில்லை.

மூன்றாவது பாகத்தில் சூஜி நாகவோக்கா என்ற ஊருக்கு வருகிறான். அங்கே சாராயம் வடிக்கும் பெரிய கடை. அரிசியில் இருந்து எடுக்கும் ஜப்பானிய மது அது. அந்தக் கடையில் வேறு பெயர் சொல்லி வேலைக்குச் சேருகிறான். என்ன வேலை தெரியுமா? கணக்குப்பிள்ளை வேலை! நூறு பேரை ஆட்டி வைத்த சூஜி, தலை குனிந்து வாடிக்கைக்காரர்களுக்கு வணக்கம் சொல்கிறான்.

அந்த வேலை அவனுக்குப் பிடித்திருக்கிறது என்பதுதான் பரிதாபம். நாணயமாக உழைக்கிறான். முதலாளி நம்புகிறார். முதலாளி மகள் ஒகுமே அவன் மீது ஆசை வைக்கிறாள். இப்படியே இருந்துவிட்டால் என்ன என்று பார்க்கிறவர்களுக்கே தோன்றுகிறது. ஆனால் குட்டு வெளிப்பட்டு விடுகிறது. அந்தப் பெண்ணையும், பெரிய மரப் பீப்பாய்கள் நிறைந்த அந்த வீட்டையும் விட்டு மறுபடி ஓட்டம்.

இப்போது உடம்பு ஒத்துழைக்கவில்லை. விழுந்துவிடுகிறான். மிச்சம் இருக்கும் சில ஆட்கள் அவனைப் படுக்கையோடு தூக்கிக்கொண்டு குனிசதா கிராமத்துக்கு வருகிறார்கள். பிறந்த ஊருக்குத் தன் காலால் நடந்து வர அவனுக்குக் கொடுத்து வைக்கவில்லை. அங்கே அவனை மறைத்து வைத்துக் காப்பவள் அவனுடைய ஆசைநாயகி ஒஷினா. நடித்தவர் நாவோயே புஷிமி. அப்போது அவருக்கு இருபது வயதுகூட இருக்காது. கட்டுரையின் தொடக்கத்தில் பார்த்தோமே, துப்பாக்கியோடு நிற்கும் பெண், அவள்தான். ஆனால் கூட்டத்துக்குள்ளேயே ஒரு துரோகி இருக்கிறான். காவலர்கள் வருகிறார்கள். சூஜி பிடிபடுகிறான். படம் முடிகிறது.

சூஜி கடைசியில் எழுந்து ஒரு வீச்சாவது வீசுவான் என்று காத்திருந்த ரசிகர்களுக்கு அது கிடைக்கவில்லை. ஆனாலும் அவர்கள் கோபித்துக்கொள்ளவில்லை. அந்த ஆண்டின் ஜப்பானியப் படங்களில் சிறந்தது எது என்று "கினிமா ஜும்போ" என்ற சினிமாப் பத்திரிகை வரிசைப்படுத்தியபோது, முதல் இடம் சூஜியின் இரண்டாவது பாகத்துக்கே கிடைத்தது.

அந்த ஆண்டு என்ன நடந்தது?

1927-ம் ஆண்டு ஜப்பானுக்குக் கெட்ட ஆண்டு. முதல் பாகம் வெளிவந்த அதே மார்ச் மாதத்தில் பாங்கிகள் ஆட்டம் கண்டன. போட்ட பணத்தைத் திருப்பி எடுக்க ஜனங்கள் பாங்கி வாசலில் கூடினார்கள். பல பாங்கிகள் கதவைச் சாத்திவிட்டன. வேலை போனவர்கள் பலர். கிராமங்களில் குத்தகை தகராறுகள். இரண்டு ஆண்டுக்கு முன்பு, 1925-ல்தான், அரசாங்கத்தை எதிர்த்துக் கூட்டம் சேர்ப்பவர்களைப் பிடித்து உள்ளே போட ஒரு சட்டம் வந்திருந்தது.

இப்படிப்பட்ட நாளில் கொட்டகைக்குள் போய் உட்கார்ந்தவனுக்கு, எப்போதும் ஜெயிக்கும் கதாநாயகனைப் பார்க்கப் பிடித்திருக்குமா? துரத்தப்படுகிறவன், நாணயமாகப் பிழைக்க நினைத்தும் விடப்படாதவன், கடைசியில் கை கால் விழுந்து கிடப்பவன். இவனைத்தான் அவர்கள் தங்களில் ஒருவன் என்று நினைத்தார்கள். இட்டோ பிறகும் அதே வழியில் போனார். 1929-ம் ஆண்டில் அவர் எடுத்த ஒரு கத்திச் சண்டைப் படத்தில் விவசாயிகளே அநியாய வரியை எதிர்த்துக் கிளம்புகிறார்கள்.

குழந்தை என்ன ஆயிற்று?

இங்கே ஒரு விஷயத்தைச் சொல்லாமல் இருக்க முடியாது.

முதுகில் குழந்தையைச் சுமந்துகொண்டு போகும் சூஜிக்காக ஜப்பான் தாய்மார்கள் கண்ணீர் விட்டார்கள். அந்தக் குழந்தைக் கதையில் பாதி உண்மை. மீதி?

1842-ம் ஆண்டில் சூஜியின் சூதாட்ட இடத்தை அதிகாரிகள் திடீரென்று வளைத்தார்கள். சூஜி தப்பினான். யார் துப்புக் கொடுத்தது என்ற சந்தேகம் அசதாரோ மீது விழுந்தது. காரணம், அவன் மாமன் கான்சுகே அதிகாரிகளுக்கு உளவாளி. "நீ குற்றவாளி இல்லை என்றால் மாமன் தலையைக் கொண்டு வா" என்பதுதான் சூஜியின் உத்தரவு. அசதாரோ போனான். மாமனைக் கொன்றான்.

வீட்டில் கான்சுகேயின் சின்னஞ்சிறு மகனும் இருந்தான். அவனையும் விடவில்லை. கொன்றுவிட்டார்கள்.

இதுதான் நடந்தது. அந்தக் கொலைக்குப் பிறகு தேடுதல் இன்னும் கடுமையாயிற்று. சூஜி அந்த வட்டாரத்தை விட்டே ஓட வேண்டியதாயிற்று.

கதை பாடியவர்களுக்குச் சூஜி வேண்டும். பஞ்சத்தில் சோறு போட்டவனை அவர்களால் கைவிட முடியவில்லை. ஆனால் குழந்தையைக் கொன்ற கூட்டத்தின் தலைவனை எப்படிப் பாடுவது? ஆகவே அந்தக் குழந்தையைப் பிழைக்க வைத்தார்கள். அதற்குக் கந்தாரோ என்று பெயரும் வைத்து, சூஜியின் முதுகிலேயே ஏற்றிவிட்டார்கள். நாடகத்தில் அப்படியே வந்தது. சினிமாவிலும் அப்படியே வந்தது.

உண்மையை விட்டுவிட்டார்களே என்று இட்டோவைக் குறை சொல்வதா? அவர் வரலாறு எடுக்கவில்லை. ஊரார் சொன்ன கதையை எடுத்தார். ஆனால் படம் முழுவதும் சூஜி அந்தக் குழந்தைக்கு ஏதோ கடன் பட்டவன் போலவே நடந்துகொள்கிறான். உண்மை தெரிந்தவர்களுக்கு அந்தப் பிரிவுக் கட்டத்தைப் பார்ப்பது இன்னும் கஷ்டம்.

திரைக்குப் பக்கத்தில் ஒரு மனிதர்

ஊமைப்படம் என்றால் கொட்டகை ஊமையாக இருக்கும் என்று நினைக்க வேண்டாம். ஜப்பானில் ஒவ்வொரு கொட்டகையிலும் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நிற்பார். "பென்ஷி" என்று பெயர். படம் ஓட ஓட அவர் கதை சொல்வார். கதாநாயகனுக்கு ஒரு குரல், பெண்ணுக்கு ஒரு குரல், குழந்தைக்கு ஒரு குரல். எல்லாம் அவரே! வாத்தியக்காரர்களும் கூடவே வாசிப்பார்கள். படிக்கத் தெரியாதவர்களும் கதையை அணு அணுவாக ரசித்தார்கள். பெயர் பெற்ற பென்ஷிக்காகவே கூட்டம் வரும். நடிகர் பெயரைவிடப் பென்ஷியின் பெயரைப் பெரிதாகப் போட்ட விளம்பரங்களும் உண்டு.

சென்னை மாகாணத்துக் கொட்டகைகளிலும் ஊமைப்பட நாட்களில் இப்படிக் கதை சொல்ல ஆள் இருந்தது உண்டு. ஜப்பானில் அது பெரிய தொழிலாகவே வளர்ந்தது. ஆயிரக்கணக்கானவர்கள் அதில் பிழைத்தார்கள்.

1931-ம் ஆண்டில் ஜப்பானில் பேசும் படம் வந்தது. பென்ஷிகளுக்கு வேலை போயிற்று. வேலைநிறுத்தம் செய்து பார்த்தார்கள். பலிக்கவில்லை. டோக்கியோவில் ஒரு நல்ல பென்ஷி 1933-ம் ஆண்டில் தற்கொலை செய்துகொண்டார். அவருடைய தம்பிதான், பிற்காலத்தில் "ஏழு சாமுராய்" படம் எடுத்து உலகப் புகழ் பெற்ற டைரக்டர் அகிரா குரோசாவா.

படம் போன வழி

பேசும் படம் வந்த பிறகு ஊமைப்படங்களை யார் சீந்துவார்கள்? நகரத்தில் ஓடிய பிரதி சிற்றூருக்குப் போகும். அங்கே தேய்ந்து கிராமத்துக்குப் போகும். கடைசியில் துண்டு துண்டாக வெட்டி, பிள்ளைகள் விளையாடும் பொம்மைப் படக்கருவிக்கு விற்றுவிடுவார்கள். பிலிமில் வெள்ளிச் சத்து உண்டு. அதை எடுப்பதற்காகக் கரைத்ததும் உண்டு.

அந்தக் காலத்துப் பிலிம் சுலபமாகத் தீப்பற்றிக்கொள்ளும். வைத்த இடத்தில் சூடு ஏறினால் போதும். தீப்பிடிக்காவிட்டாலும் நாளாக ஆகப் பிசுபிசுத்துப் பொடியாகிவிடும்.

பிறகு யுத்தம். குண்டு வீச்சில் நகரங்களே எரிந்தன. 1945-ல் யுத்தம் முடிந்ததும் அமெரிக்க ராணுவ நிர்வாகம் வந்தது. பழைய ராஜ விசுவாசத்தையும் பழிவாங்குவதையும் புகழும் படங்கள் கூடாது என்று 236 படங்களுக்குத் தடை போட்டார்கள். பல பிரதிகளைக் கொளுத்தினார்கள்.

இத்தனை வாய்களில் எந்த வாயில் சூஜி விழுந்தான்? கம்பெனியில் இல்லை. கொட்டகைகளில் இல்லை. சேகரிப்பவர்களிடமும் இல்லை. 1935-ம் ஆண்டில் சடாவோ யமனகா என்ற டைரக்டர் இதே ஒகோச்சியை வைத்து மறுபடி "குனிசதா சூஜி" எடுத்தார். அந்தப் படமும் போயிற்று. யமனகாவும் 1938-ம் ஆண்டில், சீனாவில் யுத்த முனையில், 28 வயதில் நோய் கண்டு இறந்தார்.

பார்க்க முடியாத படத்துக்கு முதல் இடம்!

1959-ம் ஆண்டில் ஒரு வேடிக்கை நடந்தது. அன்றுவரை வந்த ஜப்பானியப் படங்களிலேயே சிறந்தது எது என்று "கினிமா ஜும்போ" ஓட்டு எடுத்தது. அதற்குள் குரோசாவாவின் படங்கள் வந்து உலகத்தைச் சுற்றிவிட்டன. நல்ல படங்களுக்குப் பஞ்சமே இல்லை.

முதல் இடம் எதற்கு? சூஜிக்கு!

பிரதி ஒன்றுகூட இல்லாத படத்துக்கு ஓட்டுப் போட்டார்கள். 32 ஆண்டுக்கு முன்னால் பார்த்ததை நினைவில் வைத்துக்கொண்டு போட்டார்கள். இளைஞர்களுக்கு இது எரிச்சலாகத்தான் இருந்திருக்கும். தாத்தா சாப்பிட்ட விருந்தைப் பற்றிப் பேரனிடம் எத்தனை நாள் பேசுவது? நினைவில் எல்லாமே கொஞ்சம் பெரிதாகத்தான் தெரியும். படம் மறுபடி கிடைத்தால், "இதற்கா இத்தனை ஆர்ப்பாட்டம்?" என்று ஆகிவிடுமோ என்ற சந்தேகமும் நியாயமானதே.

டெஞ்சிரோ ஒகோச்சி 1962-ம் ஆண்டில் இறந்தார். ஒற்றைக்கண், ஒற்றைக்கை வீரன் "டாங்கே சாசென்" வேடத்தில் அவர் அடைந்த புகழ் சொல்லி முடியாது. சம்பாதித்த பணத்தை எல்லாம் கியோட்டோவுக்கு அருகே ஒரு மலைச் சரிவில் போட்டு, சுமார் முப்பது ஆண்டு பாடுபட்டு ஒரு தோட்டம் அமைத்தார். அவர் நடித்த படங்களில் பல போய்விட்டன. பைன் மரங்களும் பாசியும் நிறைந்த அந்தத் தோட்டம் இருக்கிறது. ஊர் சுற்றிப் பார்க்க வருகிறவர்கள் சீட்டு வாங்கிக்கொண்டு உள்ளே போகிறார்கள்.

டைசுகே இட்டோ 1981-ம் ஆண்டில் இறந்தார். அடுத்த ஆண்டு நாவோயே புஷிமியும் போய்விட்டார். தங்கள் படம் திரும்பக் கிடைக்கும் என்பது தெரியாமலேயே மூவரும் போனார்கள்.

ஹிரோஷிமாவில் கிடைத்தது

1991-ம் ஆண்டு. அணுகுண்டு விழுந்து உலகம் முழுவதும் பெயர் தெரிந்துவிட்ட ஹிரோஷிமாவில், பழைய பிலிம் சுருள்கள் கிடைத்தன. எடுத்துப் பார்த்தால் "சூஜியின் பயண நாட்குறிப்பு"!

சுருள்கள் டோக்கியோவில் உள்ள தேசியத் திரைப்பட மையத்துக்கு வந்தன. (2018-ம் ஆண்டில் இருந்து அது தேசியத் திரைப்படக் காப்பகம் என்ற பெயரில் தனி நிறுவனமாக இருக்கிறது.) பிலிமைச் சுத்தம் செய்து, புதிய பிலிமில் படி எடுத்தார்கள். 1992-ம் ஆண்டில் வேலை முடிந்தது.

முழுப் படமும் கிடைக்கவில்லை. இரண்டாவது பாகத்தில் ஒரு பகுதி. மூன்றாவது பாகத்தில் பெரும்பகுதி. எல்லாம் சேர்ந்து ஒன்றரை மணி நேரத்துக்குச் சற்று மேல் ஓடும்.

1959-ல் ஓட்டுப் போட்ட பெரியவர்கள் ஏமாந்தார்களா? இல்லை என்றுதான் சொல்ல வேண்டும். சண்டைக் கட்டங்களின் வேகம் இன்றைய கண்ணுக்கும் வேகமாகவே தெரிகிறது. ஒகோச்சியின் நடிப்பில் சில இடங்களில் பழைய நாடக வாடை உண்டு. கண்ணை உருட்டுவது, பல்லைக் கடிப்பது எல்லாம் உண்டு. ஆனால் சாராயக் கடையில் வேலை செய்யும் பகுதி வரும்போது அவர் அப்படியே அடங்கிவிடுகிறார். அந்த அமைதிதான் நெஞ்சைப் பிடிக்கிறது. படுத்துக் கிடக்கும் கடைசிக் கட்டத்தில் அவரிடம் இருப்பது கண்கள் மட்டுமே. பார்வை குறைந்த அந்தக் கண்களால்தான் கட்டம் முழுவதையும் தாங்குகிறார். நாவோயே புஷிமி அவருக்குச் சளைத்தவர் அல்ல. இன்னும் சொன்னால் கடைசிப் பத்து நிமிடம் அவருடையது.

படம் கிடைத்தது. பக்கத்தில் நின்று கதை சொல்ல ஆள் வேண்டுமே? அதற்கும் ஒரு ஏற்பாடு இருந்தது. யுத்தத்துக்குப் பிறகு ஷுன்சுய் மட்சுடா என்ற பென்ஷி, பழைய ஊமைப்படங்களை ஊர் ஊராகத் தேடி வாங்கிச் சேர்த்து வைத்தார். ஆட்களுக்குக் கதை சொல்லவும் கற்றுக் கொடுத்தார். 1987-ம் ஆண்டில் அவர் இறந்தார். அவருடைய சிஷ்யை மிடோரி சவாட்டோ அந்தத் தொழிலை விடாமல் நடத்தினார். மிடோரி அம்மையாரைப் பார்த்து இளையவர்கள் சிலரும் பென்ஷி ஆனார்கள். ஆகவே சூஜிக்கு மறுபடி ஒரு குரல் கிடைத்தது.

முதல் பாகம் கிடைக்கவில்லை. இப்போது படத்தைப் போட்டால் கதை நடுவழியில்தான் தொடங்குகிறது. முன்னால் நடந்தது என்ன என்பதைப் பென்ஷி சொல்லிவிடுகிறார். அதன் பிறகு திரையில் சூஜி வருகிறான்.